ராய்ஸின் கடைவாய்ப் பல்

அலபாமாவில் எங்கள் ஊருக்கென்று இருக்கும் பெருமை ‘நமுத்த தீக்குச்சிகள்’ என்ற ராக் குழு ஒன்றுதான். அவர்கள் பாட்டுப் பதிவு செய்த ஸ்டூடியோ நொடித்துப்போய், கொஞ்ச காலம் கார்ப்பெட் கிடங்காக இருந்து, இப்போது அவர்களுடைய அருங்காட்சியகம் ஆகியிருக்கிறது. வாசலில் டிக்கெட் கிழிப்பவன் நான்.

லர்லீன் ஹாட்ச்காக் அந்த ஸ்டூடியோவில் இருபத்திரண்டு வருஷம் சமைத்தவர். அருங்காட்சியகம் திறந்ததும் துப்புரவு வேலை கேட்டு வந்தார். முன் அனுபவம் உண்டா என்று நிர்வாகி பிரெஸ்டன் கேட்டார்.

“இதே தரையிலதான்.”

வேலை கிடைத்தது.

இரண்டாம் அறைதான் எங்களுக்குச் சோறு போடுவது. குழுவின் புகழ்பெற்ற பாட்டில் பாடகர் ராய்ஸ் பதினோரு விநாடி கத்துவாரே, அந்தக் கத்தல் பிறந்த இடம். வழிகாட்டி விளக்கைக் குறைத்துவிட்டு, போரில் இறந்த அண்ணனை நினைத்து ராய்ஸ் கதறிய கதையைச் சொல்வார். ஜனங்கள் கண்ணைத் துடைத்துக்கொள்வார்கள்.

ஒரு சனிக்கிழமை வழிகாட்டிக்குத் தொண்டை கட்டிவிட்டது. பஸ் நிறைய ஆட்கள் காத்திருந்தார்கள். பிரெஸ்டன் வசனத் தாளை லர்லீன் கையில் திணித்தார். லர்லீனோ மூக்குக் கண்ணாடியை வீட்டில் விட்டுவிட்டு வந்திருந்தார். அதனால் தெரிந்ததைச் சொன்னார்.

“ராய்ஸுக்கு அண்ணனே கிடையாதுங்க. கடைவாய்ப் பல்லு சொத்தை. அன்னைக்கு வேர்க்கடலை அவிச்சிருந்தேன். வேணாம்டான்னேன், கேக்கல. ஓட்டோட ஒண்ணக் கடிச்சிட்டான். டேப் ஓடிக்கிட்டிருந்துச்சு.”

எல்லோரும் சிரித்தார்கள், ஒருவரைத் தவிர. ஒஹாயோவிலிருந்து வந்த லாரி ஓட்டுநர். அந்தக் கத்தலின் ஒலி அலையை முழங்கையிலிருந்து மணிக்கட்டு வரை பச்சை குத்தியிருந்தார்.

“அம்மா, என் பொண்டாட்டி விட்டுட்டுப் போனப்ப இதைக் கேட்டுத்தான் உயிரோட இருந்தேன். கடலைங்கிறீங்களே.”

லர்லீனுக்குச் சங்கடமாகிவிட்டது. “வலி நெசந்தான் தம்பி. மூஞ்சி இம்மாம் பெருசா வீங்கிப்போச்சு.”

ஓட்டுநர் கொஞ்சம் யோசித்தார். “எந்தப் பக்கம்?”

“இடது பக்கம்.”

தன் இடது கன்னத்தைத் தடவிக்கொண்டே வெளியே போனார். போகும்போது புகாரும் எழுதிக் கொடுத்துவிட்டுப் போனார்.

பிரெஸ்டன் கொதித்தார். அந்த வசனம் அட்லாண்டாவிலிருந்து ஆள் பிடித்து எழுதி வாங்கியது. லர்லீன் சொன்னது பொய்யென்று சொல்ல, குழுவில் உயிரோடு மிஞ்சியிருந்த டிரம் வாசிப்பவர் டூயியை வரவழைத்தார். அவர் ஊன்றுகோலோடு வந்து உட்கார்ந்தார்.

“சார், ராய்ஸோட அந்தத் துக்கத்தைப் பத்திக் கொஞ்சம் சொல்லுங்க.”

“துக்கமா? பல் டாக்டர்கிட்ட நான்தானே கூட்டிட்டுப் போனேன். வழி நெடுக லர்லீனைத் திட்டிக்கிட்டே வந்தான்.”

பிரெஸ்டன் வசனத் தாளின் பின்பக்கத்தில் ‘பல்’ என்று எழுதினார். பிறகு அவர் முகம் மெல்ல மலர்ந்தது.

இரண்டே வாரத்தில் அந்த அறைக்குப் புதிய கண்ணாடிப் பெட்டி வந்தது. உள்ளே வெல்வெட் துணிமேல் ஒரு பல்.

“இது யாரு பல்லு?” என்று கேட்டார் லர்லீன்.

“அந்தக் காலத்துப் பல்லு” என்றார் பிரெஸ்டன்.

“ராய்ஸுக்குப் பல்லைப் பிடுங்கவே இல்லியே. அடைச்சுல்ல அனுப்பினாங்க.”

“அதனாலதான் அட்டையில பேரு போடல, லர்லீன் அம்மா.”

கூட்டம் இரண்டு மடங்கானது. லர்லீன் சட்டையில் ‘நேரில் கண்டவர்’ என்று ஒரு பட்டையைக் குத்திவிட்டார்கள். அது ராய்ஸின் பல் இல்லை என்று ஒவ்வொரு கூட்டத்திடமும் அவர் சொன்னார். ஜனங்கள் கவனமாகக் கேட்டுத் தலையாட்டிவிட்டு, பல்லோடு படம் எடுத்துக்கொண்டார்கள். நான்கு மாதம் பொறுத்துப் பார்த்தார். பிறகு பட்டையைக் கழற்றி என் மேஜைமேல் வைத்துவிட்டுப் போய்விட்டார். இப்போது ஒரு பள்ளிக்கூடத்துச் சமையலறையில் இருக்கிறார். அங்கே பிள்ளைகளுக்கு ராய்ஸ் யாரென்றே தெரியாது. மக்ரோனி வேண்டும், அவ்வளவுதான்.

பிரெஸ்டன் அசரவில்லை. லர்லீனாக நடிக்க ஒரு நாடகக்காரியை அமர்த்திவிட்டார். போன மாதம் லர்லீனே டிக்கெட் வாங்கி உள்ளே போனார். திரும்பி வந்தவரிடம் எப்படி என்று கேட்டேன்.

“நல்லாத்தான் பண்றா. என்ன, நான் அவ்வளவு பேசமாட்டேன்.”