வேப்பூரிலிருந்து வந்த பிரேக் ஷூ

இதைப் படித்துவிட்டு 'சும்மா அளக்கிறான்' என்று சொல்லப் போகிறவர்கள் இப்போதே அடுத்த பக்கத்துக்குப் போய்விடலாம். எனக்கு ஒன்றும் நஷ்டமில்லை. விருத்தாசலத்தில் பாதி ஊர் என்னைப் பற்றி வேறு ஒரு கதை சொல்லிக்கொண்டிருக்கிறது. 'விருத்தகிரியா? பெண்டாட்டி பிள்ளையை ரயிலில் விட்டுக் கொல்லப் பார்த்தவன்தானே?' என்று. அதைக் கேட்டுக் கேட்டுக் காது புளித்துப் போய்தான் எழுதுகிறேன். நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். பேய் என்றால் ராத்திரி, நாய் ஊளை, மல்லிகைப்பூ வாசம் என்று எதிர்பார்க்காதீர்கள். இது பட்டப்பகலில் நடந்தது. 1972, மாசி மாத வெயில்.

எனக்குப் பீங்கான் தொழில். கரண்டுக் கம்பத்தில் கம்பியைத் தாங்குமே, வெள்ளைக் குமிழ்... அது என் சூளையில் வேகிறதுதான். நான் கோபக்காரன். அதை மறைக்கவில்லை. சரியாக வேகாத குமிழைத் தட்டிப் பார்த்தால் சத்தத்திலேயே தெரியும். தெரிந்த கணமே தூக்கிச் சுவரில் அடித்து உடைப்பேன். வாய் நீளம். ஆனால் ஆள்மேல் கை வைத்ததில்லை. அமிர்தத்தைக் கட்டிய நாளிலிருந்து ஒரு தடவைகூட அவளை அடித்ததில்லை. இதை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் மகள் ஆண்டாளுக்கு மூன்று வயது. சேத்தியாத்தோப்பில் அமிர்தத்தின் தம்பி தர்மராஜ் மடியில் உட்காரவைத்துக் காது குத்துவதாக ஏற்பாடு. எங்களிடம் ஒரு பழைய அம்பாசடர் இருந்தது. அதில் பிரேக் போட்டால் தெருவே திரும்பிப் பார்க்கும். அப்படி ஒரு கிறீச்!

மெக்கானிக் ஜெயராஜ் முன் சக்கரத்தைக் கழற்றிப் பார்த்தான்.

"அண்ணே, லைனிங் காகிதமாட்டம் ஆயிடுச்சி. ஆணி போய் டிரம்மைக் கிழிக்குது. இதுல புள்ளைய ஏத்திக்கிட்டுப் போவாதீங்க."

தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். சக்கரத்துக்குள் டிரம் என்று ஒரு இரும்புச் சட்டி இருக்கும். அதற்குள் பிறை மாதிரி வளைந்த இரண்டு இரும்புத் துண்டுகள். அதுதான் பிரேக் ஷூ. அதன் முதுகில் லைனிங் என்கிற தேய்கிற பட்டையை வைத்துப் பித்தளை ஆணியால் அடித்திருப்பார்கள். பெடலை மிதித்தால் ஷூ விரிந்து டிரம்மைப் பிடிக்கும். வண்டி நிற்கும்.

கம்பெனி லைனிங் வேண்டுமென்றால் திருச்சிக்குச் சொல்லிவிட வேண்டும். வரப் பத்து நாள் ஆகும். கடைத்தெருவில் கிடைத்த மட்ட ரகத்தை ஜெயராஜ் நகத்தால் கீறினான். மாவாக உதிர்ந்தது. காதுகுத்தோ வருகிற வெள்ளிக்கிழமை.

"பஸ்ஸுல போயிடலாங்க" என்றாள் அமிர்தம்.

"வூட்டுல காரை வச்சிக்கிட்டு பஸ்ஸுல போய் எறங்கறதா? ஒன் தம்பி என்னைப் பார்த்துச் சிரிக்கவா?"

இதுதான் என் வாய்.

வேப்பூரில் பெரிய ரோட்டு ஓரம் பக்கிரி என்பவர் அடிபட்ட வண்டிகளை வாங்கிப் பிரித்து விற்பார். ஜெயராஜைக் கூட்டிக்கொண்டு போனேன். ஓரத்தில் ஓர் அம்பாசடர் கிடந்தது. இடது பக்கம் அப்பளமாக நொறுங்கியிருந்தது. சக்கரத்தைக் கழற்றினால், ஷூவில் லைனிங் புத்தம் புதுசு. ஒரு மாதம்கூட ஓடியிருக்காது.

"எதுல மோதுனது?" என்று கேட்டேன்.

"லாரி" என்றார் பக்கிரி. என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்.

முன் சக்கரத்து ஷூ நாலையும் வாங்கினேன். ஜெயராஜுக்குப் பிடிக்கவில்லை. லைனிங்கில் கறுப்பாக ஏதோ ஊறிக் காய்ந்திருந்தது. விரலால் தொட்டுப் பார்த்துவிட்டுக் கையைச் சட்டையில் துடைத்துக்கொண்டான்.

"ஆள் செத்த வண்டிண்ணே. வாணாம்."

"ஆயில் கறைடா அது. சூளையில காட்டி எடுத்தா ஆயிலும் போயிடும், தோஷமும் போயிடும்."

சூளை வைத்திருக்கிற எங்களுக்கு அப்படி ஒரு நம்பிக்கை. எந்தத் தீட்டுப்பட்ட மண்ணாக இருந்தாலும் சரி, நெருப்புக்குள் போய் வந்துவிட்டால் சுத்தம். எனக்கு அதில் சந்தேகமே வந்ததில்லை. அணைந்து ஆறிக்கொண்டிருந்த சூளையின் வாயில், சாம்பல் சூட்டில் நாலு ஷூவையும் வைத்தேன்.

ஆயில் என்றால் கரும்புகை வரும். வரவில்லை.

முடி கருகுகிற வாசம் வந்தது.

குமிழ் அடுக்கிக்கொண்டிருந்த மாயவன் மூக்கைப் பொத்திக்கொண்டு எட்டிப் பார்த்தான். "என்னா மொதலாளி, ஆட்டுத்தலை வாட்டுறீங்களா?" என்றான். எல்லோரும் சிரித்தார்கள். நானும்தான் சிரித்தேன்.

மறுநாள் காலை என் பட்டறை வாசலிலேயே ஜெயராஜ் ஷூக்களை மாட்டினான். உள்ளே ரப்பரும் மாற்றியதால் பிரேக் குழாயில் காற்று புகுந்திருந்தது. அதை எடுக்க இரண்டு ஆள் வேண்டும். ஒருவர் சீட்டில் உட்கார்ந்து பெடலை மிதிக்க, இன்னொருவர் சக்கரத்தடியில் திருகைத் திறந்து, காற்றும் பிரேக் எண்ணெயும் பீய்ச்சி வந்ததும் மூடுவார். நான்தான் மிதித்தேன். ஒரு பக்கம் முடிந்தது. டீ வாங்கிவரப் போனேன்.

திரும்பி வந்தால், ஜெயராஜ் சக்கரத்தடியில் படுத்தபடி குரல் கொடுத்துக்கொண்டிருந்தான்.

"அழுத்துங்கண்ணே... ம்... அப்படியே புடிங்க... விடுங்க."

"யாரைடா விடச் சொல்றே?"

அவன் தலையை நீட்டி என்னைப் பார்த்தான். என் கையில் இருந்த டீயைப் பார்த்தான். எழுந்து காருக்குள் பார்த்தான்.

சீட்டில் யாரும் இல்லை.

"இவ்ளோ நேரம் அழுத்துனது யாருண்ணே?"

"கனாக் கண்டியா? வேலையைப் பாரு."

"எண்ணெய் பீய்ச்சிக்கிட்டு வந்துதுண்ணே. ஆள் மிதிக்காம எப்படி வரும்?"

திட்டி அவன் வாயை அடைத்தேன். அன்றைக்கே அதைக் கழற்றி எறிந்திருக்க வேண்டும். ஓட்டிப் பார்த்தேன். பிரேக் பிரமாதமாகப் பிடித்தது.

வெள்ளிக்கிழமை. சேத்தியாத்தோப்பில் பகல் விருந்துக்குப் பிறகுதான் காதுகுத்து. பதினொரு மணிக்குக் கிளம்பினோம். முன் சீட்டில் என் பக்கத்தில் அமிர்தம், அவள் மடியில் ஆண்டாள், காலடியில் தண்ணீர் நிரப்பிய பித்தளைக் கூஜா. கிளம்பும்போதே சண்டை. குழந்தைக்குப் பட்டுப் பாவாடையைக் கட்டிவிடாமல் பெட்டிக்குள் வைத்துவிட்டாள் என்று நான் கத்தினேன். அக்கம்பக்கத்தில் எல்லோருக்கும் கேட்டது. பிறகு ஊர் பேசியதற்கு அதுவும் சாட்சி ஆகிவிட்டது.

ஊரைத் தாண்டியதும் வண்டி இழுக்க மறுத்தது. நான் பிரேக்கைத் தொடவே இல்லை. ஆனாலும் யாரோ லேசாக மிதித்துக்கொண்டே வருவதுபோல...

மறுபடியும் அந்த வாசம் வந்தது. முடி கருகுகிற வாசம்.

"என்னாங்க நாத்தம் இது?"

"புது லைனிங். அப்படித்தான் இருக்கும்."

ஆண்டாள் குனிந்து என் காலையே பார்த்துக்கொண்டு வந்தாள்.

"அப்பா, ஒன் கால் மேல ஏன் அந்த மாமா கால் வச்சிருக்காரு?"

குனிந்து பார்த்தேன். என் கால், என் செருப்பு... வேறு ஒன்றும் இல்லை. "சும்மா இரு" என்று குழந்தையை அதட்டினேன்.

கேட் இல்லாத ஒரு ரயில்வே கிராசிங் வந்தது. நிறுத்தினேன். இரண்டு பக்கமும் பார்த்தேன். வலது பக்கம் தண்டவாளம் வளைந்து கருவேலங்காட்டுக்குள் மறைகிறது. புகை இல்லை. சத்தமும் இல்லை. முதல் கியர் போட்டு ஏற்றினேன்.

முன் சக்கரம் தண்டவாளத்தைத் தாண்டியது.

என் வலது கால் பிரேக்கில் இறங்கியது.

நான் இறக்கவில்லை. சத்தியமாக நான் இறக்கவில்லை.

வண்டி குலுங்கி அணைந்தது. காலை எடுக்கப் பார்த்தேன். வரவில்லை. மூட்டைமேல் மூட்டை அடுக்கியதுபோல ஒரு பாரம்... பாதம் தரையோடு தரையாக...

"என்னாங்க, எடுங்க."

கூ...ஊ...ஊ...

கருவேலங்காட்டுக்கு மேலே கரும்புகை.

"ஐயோ! எடுங்க! வண்டி வருது! புள்ள இருக்குதுங்க!"

கத்த நினைத்தேன். குரல் வரவில்லை. அவள் கதவைத் திறக்கப் போனாள். என் இடது கை பாய்ந்து அவள் கொண்டையைப் பிடித்தது. இழுத்தது. அவள் தலையைக் கொண்டுபோய் முன்பலகையில் மோதியது.

ஒரு முறை.

மறுபடியும்.

அவள் உதடு கிழிந்து ரத்தம் குழந்தைமேல் தெறித்தது. ஆண்டாள் வீறிட்டாள். நான் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தேன். என் கைதான். என் மோதிரம் போட்ட கை. உள்ளே நான் அழுதுகொண்டிருந்தேன். கை அடித்துக்கொண்டிருந்தது.

மேலே கண்ணாடியில் என் முகம் தெரிந்தது.

வாய் அசைந்தது. ஏதோ சொல்லிக்கொண்டே இருந்தது.

நான் எதுவும் பேசவில்லை.

கூ...ஊ...ஊ...

அமிர்தம் என் மணிக்கட்டைக் கடித்தாள். எலும்புவரை கடித்தாள். பிடி நழுவியது. கதவை உதைத்துத் திறந்து, குழந்தையைச் சரளைக்கல் மேட்டிலிருந்து கீழே உருட்டிவிட்டாள்.

ஓடியிருக்கலாம்.

திரும்பி வந்தாள்.

கூஜாவை இரண்டு கையாலும் தூக்கினாள். என் நெற்றிப் பொட்டில் இறக்கினாள்.

டங்...

அவ்வளவுதான் எனக்குத் தெரியும்.

கண் விழித்தபோது பள்ளத்தில் கிடந்தேன். நான் மயங்கியதும் கால் பெடலைவிட்டு வந்திருக்கிறது. அவள்தான் என் சட்டையைப் பிடித்து இடது பக்கக் கதவு வழியாக வெளியே இழுத்துப் போட்டிருக்கிறாள். கார் வெகுதூரத்தில், கசக்கிய காகிதமாகக் கிடந்தது. சரக்கு ரயில் அதையும் தாண்டிப் போய்த்தான் நின்றது. அமிர்தம் குழந்தையைக் கட்டிக்கொண்டு தள்ளி உட்கார்ந்திருந்தாள். நான் அவள் பக்கம் தவழ்ந்தேன்.

"கிட்ட வராதீங்க" என்றாள்.

அன்றைக்கே தம்பி வீட்டுக்குப் போய்விட்டாள். ஊர் முழுக்கப் பேச்சு. பிரேக் தானாகப் பிடித்தது என்றேன். 'கையும் தானாகத்தான் அடிச்சிதா?' என்றார்கள். தலையில் கட்டோடு வீட்டுக்குள் கிடந்தேன். சோறு இறங்கவில்லை. என் குழந்தை என்னைக் கண்டால் பயப்படுமே என்பதுதான் நெஞ்சை அறுத்தது.

எட்டாம் நாள் தர்மராஜ் வந்தான். எப்போதும் வாய் நிறைய 'மாமா' என்கிறவன். வாசலிலேயே என் சட்டையைப் பிடித்து அறைந்தான்.

"யாருய்யா அந்த வீரம்மா?"

"எந்த வீரம்மா?"

இன்னொரு அறை.

"எங்க அக்காவை அடிச்சப்ப, அடிக்கு ஒரு தரம் அந்தப் பேரைத்தான் சொன்னியாமே. 'எங்கடி போவ வீரம்மா, எங்கடி போவ'ன்னு. எத்தனை நாளா வச்சிருக்க அவளை?"

எனக்கு அப்படி ஒருத்தியைத் தெரியாது. என் தொழிலில், சொந்தத்தில், தெருவில், அந்தப் பேரில் யாருமே இல்லை. கற்பூரம் கொளுத்தச் சொன்னேன், அணைத்துச் சத்தியம் செய்கிறேன் என்றேன். அவன் நம்பவில்லை.

"சரி, என்னை வெட்டணும்னா வெட்டு. அதுக்கு முன்ன என்கூட வேப்பூருக்கு ஒரு நடை வா."

ஏன் அப்படிச் சொன்னேன் என்று இன்றைக்கும் தெரியவில்லை. போனோம். பஸ்ஸில் அவன் என் பக்கத்தில்கூட உட்காரவில்லை.

பக்கிரி என் தலைக்கட்டைப் பார்த்ததுமே நாற்காலியைவிட்டு எழுந்துவிட்டார். அந்த அம்பாசடர் நொறுங்கிக் கிடந்த இடம் காலியாக இருந்தது. எல்லாவற்றையும் கேட்டுவிட்டுக் கையைக் கூப்பினார்.

"மன்னிச்சிருங்க. லாரின்னு பொய் சொல்லிட்டேன். அது ரயில்ல அடிபட்ட வண்டி."

தெற்கே எங்கேயோ ஒரு லெவல் கிராசிங். அந்த வண்டியின் சொந்தக்காரனுக்குப் பெண்டாட்டிமேல் சந்தேகம். அவளையும் குழந்தையையும் காரில் ஏற்றிப் போய், தண்டவாளத்தில் நிறுத்தி, பிரேக்கை மிதித்தபடி அவள் கொண்டையைப் பிடித்துக்கொண்டிருக்கிறான். வயலில் நின்ற சனங்கள் கத்திக்கொண்டே ஓடியிருக்கிறார்கள். போய்ச் சேர முடியவில்லை. மூன்று பேரும் போய்விட்டார்கள். அவன் கால் மட்டும் பெடலைவிட்டு வரவில்லையாம். அறுத்துத்தான் எடுத்தார்களாம்.

தர்மராஜ்தான் கேட்டான்.

"அந்தப் பொம்பளை பேரு என்னாங்க?"

"வீரம்மாள்னு சொன்னாங்க."

தர்மராஜ் என் கையைப் பிடித்துக்கொண்டான். "மாமா" என்றான்.

கிளம்பும்போதுதான் எனக்கு உறைத்தது. நான் வாங்கியது முன் சக்கரத்து நாலு ஷூ. பின் சக்கரத்தில் இன்னும் நாலு இருந்ததே?

"போன சந்தையன்னிக்கு ஒருத்தர் வாங்கிட்டுப் போயிட்டாருங்க" என்றார் பக்கிரி. "எந்த ஊருன்னு கேக்கல. பொண்டாட்டி புள்ளையோட வந்திருந்தாரு."

தேடினோம். ஜெயராஜும் தெரிந்த பட்டறை எல்லாம் விசாரித்தான். இன்றுவரை தகவல் இல்லை.

அமிர்தம் வந்துவிட்டாள். தம்பி சொன்னதை நம்பித்தான் வந்தாள். உதட்டில் தையல் போட்ட தழும்பு இருக்கிறது. என்னோடு பஸ்ஸில் வருவாள், சிரிப்பாள், சண்டையும் போடுவாள். ஆனால் அவள் முதுகைக் காட்டி வேலையாக இருக்கும்போது நான் பின்னால் வந்து நின்றால், கை அப்படியே நின்றுவிடும். திரும்ப மாட்டாள். நான் "அமிர்தம்" என்று கூப்பிட வேண்டும். அந்தப் பேர் காதில் விழுந்த பிறகுதான் திரும்புவாள்.