ஜெயமலரின் மூன்று குழல்கள்

மற்ற வீடுகளில் சாப்பாட்டு மேசையில் வாழைப்பழம் இருக்கும், தண்ணீர்ப் போத்தல் இருக்கும். ஊரைவிட்டு வந்து குடியேறிய மோர்னிங்சைட்டில் எங்கள் வீட்டு மேசையில் போன செப்டெம்பர் முழுக்கத் துவக்குக் குழல்கள் கிடந்தன. ஒன்றல்ல, இரண்டு. மூன்றாவது வரும் வழியில் இருந்தது. சோற்றுக் கோப்பை வைக்க இடமில்லை என்று நான் கத்தினால், "மடியில வைச்சுச் சாப்பிடுங்கோவன்" என்று பதில் வரும். பதில் சொன்னவள் என் மனைவி ஜெயமலர். ஐம்பத்துநான்கு வயது. பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறாள். சத்தம் போடாமல் இந்தக் கதையைச் சொல்ல எனக்கு வராது. எனக்குச் சும்மா கதைக்கவே சத்தம் வரும், இதுவோ இப்படிப்பட்ட கதை.

துவக்கு, அதுதான் துப்பாக்கி, என்றதும் எங்கள் சனம் முகத்தைச் சுளிக்கும். சுளிக்காமல் என்ன செய்யும்? அந்தச் சத்தத்துக்கு ஓடி வந்தவர்கள்தானே நாங்கள் எல்லோரும். கோயிலில் ஓர் அன்ரி விபூதியைப் பூசிக்கொண்டே கேட்டார், "பிள்ளை, உமக்கு என்னத்துக்கு உந்தச் சனியன்?" ஜெயமலர் சிரித்தாள். "அன்ரி, என்ர துவக்கு கடதாசியை மட்டும்தான் சுடும். மான், முயலுக்குக்கூடப் பயமில்லை." அன்ரி என்னைப் பார்த்தார். மனைவியை அடக்கத் தெரியாதவன் என்ற பார்வை. அடக்குகிறதாவது! நாற்பது பிள்ளைகளை ஒரே கண்ணாடியில் பார்த்து அடக்குகிறவள் அவள்.

இதைத் தொடக்கி வைத்தவள் ஸ்டெபனி. ஜெயமலரோடு பஸ் ஓட்டுகிற மன்னார்க்காரி. நகரத்துக்கு வடக்கே ஒரு மணி நேரம் போனால் அவள் சேர்ந்திருந்த குறிசுடும் கழகம் வரும். மூன்று வருடத்துக்கு முன் ஒரு சனிக்கிழமை, "அக்கா, சும்மா வந்து பாருங்கோ" என்று கூட்டிக்கொண்டு போனாள். நான் சாரதியாகவும் தேத்தண்ணிக்குப் பொறுப்பாளனாகவும் போனேன். எனக்குச் சுடுவதில் ஆசையில்லை. கண்ணாடிக்குப் பின்னால் கதிரையில் இருந்து வேடிக்கை பார்ப்பேன்.

அன்றைக்கு ஸ்டெபனி தன் துவக்கை நீட்டி, "அக்கா, நீங்கள் எந்தக் கை?" என்று கேட்டாள்.

"இதென்ன கேள்வி? சோத்துக் கைதான்" என்று ஜெயமலர் வலது கையை நீட்டி வாங்கினாள். வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். சரஸ்வதி பூசைக்குப் புத்தகம் எடுக்கிற மாதிரி! பக்கத்தில் நின்ற வெள்ளைக்காரர் அது ஏதோ பாதுகாப்பு விதி என்று நினைத்துத் தானும் செய்து பார்த்தார்.

சுட்டுவிட்டு வெளியே வந்தபோது அவள் முகத்தைப் பார்க்கவேண்டும். "இஞ்சருங்கோ, மண்டைக்குள்ள கிடந்த சத்தமெல்லாம் நிண்டுபோச்சு" என்றாள். எங்கள் கலியாணவீட்டில்கூட அவளுக்கு அப்படி ஒரு முகம் இருந்ததாக எனக்கு ஞாபகமில்லை. பிறகு படிப்பு, சோதனை, லைசன்ஸ், பூட்டு வைத்த இரும்புப் பெட்டி என்று ஒவ்வொன்றாக வந்து, கடைசியில் துவக்கும் வந்தது.

அதுவும் சாதாரணத் துவக்கு இல்லை. உங்கள் வீட்டு முறுக்கு உரலை நினைத்துக்கொள்ளுங்கள். உரல் ஒன்று, அச்சை மாற்றினால் இடியப்பமும் வரும், முறுக்கும் வரும். அதே கதைதான். குழலைக் கழற்றிவிட்டு வேறு குழலையும், அதற்கேற்ற, குண்டை உள்ளே தள்ளிப் பூட்டுகிற போல்ட்டையும், குண்டு நிரப்புகிற மகசினையும் மாட்டினால், வேறு பருமனில் குண்டு போடலாம். அந்தப் பருமனைத்தான் காலிபர் என்கிறார்கள். வாங்கும்போது வந்தது 'இருபத்திரண்டு'. சின்னக் குண்டு, சின்னச் சத்தம், தோளில் உதையே தெரியாது.

இரண்டு வருடம் அதோடு சந்தோஷமாக இருந்தாள். வந்தது வினை! கழகத்தின் இலையுதிர்காலப் போட்டிக்கு நாலு பேர் கொண்ட அணி வேண்டும். மூன்று பேர் முடிவாகிவிட்டது. நாலாவது இடத்துக்கு ஒரு தெரிவுச் சுற்று, ஒக்டோபர் முதல் சனிக்கிழமை. நூறு மீற்றர் தூரம், பத்துக் குண்டு, எந்தக் குழலும் மாட்டலாம், நூற்றுக்குத் தொண்ணூறு எடுக்கவேண்டும். எடுத்தால் அணி, எடுக்காவிட்டால் கதிரையில் என்னோடு தேத்தண்ணி.

ஜெயமலர் பெயர் கொடுத்தாள். கொடுத்த அன்று காருக்குள் ஒரு வசனம் சொன்னாள். "பள்ளிக்கூடத்தில வலைப்பந்து ரீமுக்கு என்ர பேர் போட்டவை. அடுத்த கிழமை இடம்பெயர்ந்திட்டம். அதுக்குப் பிறகு என்னை ஒருத்தரும் ஒண்டுக்கும் தெரிஞ்செடுக்கேல்லை." நான் பகிடியாக, "நான் தெரிஞ்செடுத்தனான்தானே" என்றேன். "அது உங்கட அம்மா தெரிஞ்சது" என்றாள். அதுவும் உண்மைதான்.

பிரச்சினை என்னவென்றால், அவள் தொண்ணூறைத் தொடவே இல்லை. முதல் நாலைந்து குண்டு நடுவில் கூடிக் குந்தும். அதற்குப் பிறகு ஒன்று கிழக்கே போகும், ஒன்று மேற்கே போகும். எழுபத்தெட்டு, எண்பத்தொன்று, திரும்ப எழுபத்தெட்டு. சுட்டுவிட்டு வந்தால் கண்ணைக் கசக்கிக்கொண்டே இருப்பாள். "காத்து தள்ளுது" என்றாள். "சின்னக் குண்டெல்லோ, காத்து அள்ளிக்கொண்டு போகுது. காலிபரை மாத்தவேணும்."

அன்றிலிருந்து வீடு வீடாக இல்லை. காலையில் காலிபர், மத்தியானம் காலிபர். புட்டு அவிக்கும்போது ஃபோனில் யாரோ ஒரு தாடிக்காரன் குண்டின் வேகத்தை விளக்கிக்கொண்டிருப்பான். கடைக்குப் போனோம். கடைக்காரர் கண்ணாடிப் பெட்டிக்குமேல் குழல்களை வரிசையாக வைத்தார். நகைக்கடையில்கூட ஜெயமலர் இவ்வளவு நேரம் நின்றதில்லை! ஒவ்வொன்றையும் தூக்கிப் பார்த்தாள், உள்ளே வெளிச்சம் விட்டுப் பார்த்தாள், வைத்ததைத் திரும்ப எடுத்தாள். கடைசியில் 'பதினேழை' எடுத்தாள். இருபத்திரண்டைவிட மெல்லிய குண்டு, ஆனால் வேகம் பேய் வேகம். சந்தோஷத்தில் அதைக் கீழே வைக்கவே இல்லை. எனக்கும் தொற்றிக்கொண்டது, சும்மா சொல்லக்கூடாது. வீட்டுக்கு வரும்வரை அவள் கார் ஓட்ட, குழலை நான்தான் மடியில் வைத்திருந்தேன்.

அடுத்த சனிக்கிழமை பதினேழு மாட்டிச் சுட்டாள். முதல் நாலு குண்டு கச்சிதம். நான் கதிரையை விட்டு எழும்பிவிட்டேன். ஐந்தாவது கிழக்கே போனது.

"அண்ணை, உது ஊசி, துவக்கில்லை" என்றான் அன்று எங்களோடு வந்திருந்த யூட்சன். என்னோடு வெயார்ஹவுசில் வேலை செய்கிறவன், பிக்கரிங்கில் வீடு, வருடா வருடம் மான் வேட்டைக்குப் போகிறவன். அவனிடமும் அதே கொம்பனித் துவக்குத்தான். எங்கள் ஆட்களின் குணம் உங்களுக்குத் தெரியும்தானே. வீடு வாங்கினாலும் பெரிசு, வான் வாங்கினாலும் பெரிசு, பிள்ளைக்குச் சப்பாத்து வாங்கினாலும் ஒரு அளவு கூட. "அக்கா, பெரிசா எடுங்கோ. என்ர ஆறரைக் குழலைத் தாறன். காத்தில்லை, புயல் அடிச்சாலும் அசையாது."

ஆறரை என்றது மில்லிமீற்றர், மற்ற இரண்டும் அங்குலத்தில் நூற்றுப் பங்குக் கணக்கு; மூன்றிலும் பெரிய குண்டு இதுதான். ஆறரையை அவள் ஒருமுறை அவன் துவக்கில் சுட்டுப் பார்த்திருக்கிறாள். தோளில் கத்தரிக்காய் நிறத்தில் கன்றல் வந்தது. ஆனாலும் ஆசை விடவில்லை. ஸ்டெபனி ஃபோனில் கத்தினாள், "விசரே அக்கா? ஒண்டைப் பிடிச்சு அதில நில்லுங்கோ!" குழலை மாற்றினால் குறியைத் திரும்பச் சரிபார்க்கவேண்டும். ஆகவே எந்தக் குழல் என்று தெரிவுக்கு முந்திய வியாழக்கிழமைக்குள் முடிவெடுக்கவேண்டும். ஜெயமலர் மேசையில் இரண்டு குழலையும் பார்த்துக்கொண்டு மூன்றாவதுக்குக் காத்திருந்தாள். சாப்பிடவில்லை. எனக்குப் பாவமாகவும் இருந்தது, கோபமாகவும் இருந்தது.

வியாழன் பின்னேரம் மணி அடித்தது. ஜெயமலர் ஒரு கையில் பருப்புக் கறிச் சட்டியோடு கதவடிக்குப் போய், கதவிலிருக்கும் சின்னக் கண்ணாடித் துளையால் எட்டிப் பார்த்தாள். "யூட்சன்தான். குழல் கொண்டு வந்திட்டான்!" என்று துள்ளினாள்.

அவள் துள்ளினாள், நான் அப்படியே நின்றேன். துளையில் அவள் வைத்தது இடது கண்ணை.

"இஞ்சரும், திரும்பப் பாரும்" என்றேன்.

"என்னத்தை? வந்த ஆளை வெளியில விட்டிட்டு?"

"அவன் நிப்பான். மற்றக் கண்ணால பாரும்."

முறைத்துக்கொண்டு வலது கண்ணை வைத்தாள். தலையைச் சரித்தாள், முகத்தைக் கோணினாள், இடது கண்ணை இறுக்கி மூடினாள். அது துடித்தது. "ஒண்டும் வடிவாத் தெரியேல்லை. நீங்கள் உந்தக் கண்ணாடியைத் துடைக்கிறேல்லை" என்றாள். அந்தக் கோணல் முகத்தை எனக்குத் தெரியும். சனிக்கிழமை சனிக்கிழமையாகத் துவக்குக்குப் பின்னால் பார்த்த முகம் அது. பழக்கமில்லாத அந்த வலது கண் நாலு குண்டுக்குத் தாக்குப்பிடித்து ஐந்தாவதில் களைத்துப்போகிறது, காற்றில் பிழையில்லை!

"ஜெயமலர்! நீர் இடக்கைக்காரியெல்லோ!" என்று கத்தினேன். வெளியே நின்ற யூட்சன், "அண்ணை, என்ன பிரச்சினை?" என்று கதவைத் தட்டத் தொடங்கினான்.

முப்பது வருடமாக அவளோடு வாழ்கிறேன், எனக்குத் தெரியாதா? போத்தல் மூடி திறப்பது இடக்கை. தேங்காய் துருவுவது இடக்கை. எனக்கு விழும் குட்டெல்லாம் இடக்கை. ஆனால் எழுதுவது, சாப்பிடுவது, ஒருவருக்கு ஒன்று கொடுப்பது, வாங்குவது எல்லாம் வலது. அவள் அம்மா அகப்பைக் காம்பால் அடித்துத் திருத்தியது. நல்ல காரியத்துக்கு இடக்கை நீட்டக்கூடாது. துவக்கைக் கண்ணில் ஒற்றி வாங்கியவள் அதை இடக்கையால் வாங்குவாளா?

ஸ்டெபனிக்கு ஃபோன் போட்டோம். அவள் தலையில் அடித்துக்கொண்ட சத்தம் எங்களுக்கே கேட்டது. "ஐயோ அக்கா! முதல் நாளே கேட்டனான், எந்தக் கை எண்டு!"

"நீ எந்தக் கை நல்ல கை எண்டு கேக்கிறாய் எண்டு நினைச்சன்" என்றாள் ஜெயமலர், குரல் இறங்கி.

அங்கேயே பெட்டியைத் திறந்து வெறும் துவக்கை எடுத்தோம். குண்டில்லை என்று இரண்டு தரம் பார்த்தபிறகு மேசையில் தாங்கி வைத்து, இடது தோளில் அணைத்து, இடது கண்ணால் குறிக்கண்ணாடியைப் பார்க்கச் சொன்னேன். அவள் தயங்கினாள். "இடக்கையாலயோ? மரியாதையில்லை எல்லே."

"கடதாசிக்கு என்ன மரியாதை?" என்றேன்.

தலையைச் சாய்த்தாள். முகம் கோணவில்லை. இரண்டு கண்ணும் திறந்தே இருந்தன. குளிர்பெட்டியில் ஒட்டியிருந்த சின்ன மாம்பழ மக்னெற்றைக் குறிபார்த்தாள். நீண்ட நேரம் அசையவே இல்லை. பிறகு, "இஞ்சருங்கோ," என்றாள் மெதுவாக, "அந்த மாம்பழத்தில ஒரு கீறல் இருக்கு."

யூட்சன் தன் ஆறரைக் குழலைக் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றான். "அப்ப இது வேண்டாமோ, அக்கா?"

"கொண்டுபோ தம்பி. மானுக்கு வைச்சுக்கொள்." பதினேழைத் துணியில் சுற்றி அலுமாரியில் வைத்தாள். பழைய இருபத்திரண்டை மாட்டினாள். காற்றின்மேல் இருந்த கோபம் போனபிறகு, உதைக்காத, பழகிய குழலே போதும் என்று அவளுக்கே தெரிந்துவிட்டது.

சனிக்கிழமை விடிய அரைமணி நேரம்தான் பழகக் கிடைத்தது. துவக்கு வலக்கைக்காரருக்குச் செய்தது, போல்ட் வலது பக்கம். அதற்கு வலது கையை விட்டாள், விசைக்கு இடது கை. "பாருங்கோ, ரெண்டு கைக்கும் வேலை" என்றாள். பயத்தில் உதடு வெளுத்திருந்தது, கண் மட்டும் மினுங்கியது. அன்று காற்றும் நன்றாக அடித்தது. நான் கண்ணாடிக்குப் பின்னால் போய் இருந்தேன். இருக்க முடியவில்லை, எழும்பினேன். ஸ்டெபனி என் சட்டையைப் பிடித்து இழுத்து இருத்தினாள்.

முதல் நாலும் நடுவில். எனக்கு அதில் மகிழ்ச்சியில்லை, பார்த்துப் பழகிய நாலு அது. ஐந்தாவதுக்கு நான் கண்ணை மூடிக்கொண்டேன். "அண்ணை, திறவுங்கோ!" என்று ஸ்டெபனி முதுகில் அடித்தாள். நடுவில்! ஆறாவது நடுவில். ஏழு கொஞ்சம் தள்ளி. எட்டு, ஒன்பது, ஐயோ என்ன சொல்வது, அந்தப் பெண் கல்லுப்போல் இருந்து சுட்டுக்கொண்டே இருந்தாள். பத்தும் முடிந்து கடதாசி வந்தபோது கணக்குப் பார்த்தவர் எழுதியது தொண்ணூற்றுநாலு. நான் போட்ட கூச்சலில் பக்கத்து வரிசையில் ஒருவர் தேத்தண்ணியைக் கொட்டிக்கொண்டார். மன்னிப்புக் கேட்கவும் மறந்துபோனேன்.

அணித் தலைவி உயரமான ஒரு வெள்ளைக்காரப் பெண்மணி. நீல நிற அணிச் சட்டையைக் கொண்டு வந்தார். வரிசையில் இடம் ஒதுக்குவதற்காக ஆங்கிலத்தில் ஒரு கேள்வி கேட்டார். வலக்கையா, இடக்கையா?

ஜெயமலர் ஒரு நிமிடம் என்னைத் திரும்பிப் பார்த்தாள். கண் நிறைந்து போயிருந்தது. பிறகு அந்தக் கூடம் முழுக்கக் கேட்கிற மாதிரி, "லெஃப்ற்!" என்றாள். சொல்லிவிட்டு இடக்கையை நீட்டிச் சட்டையை வாங்கினாள். வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள்.