இலுப்பை மரத்தின் காது

காதை அறுத்தவன் நான்தான். கந்தர்வக்கோட்டைச் சாலையில் ஒரு கண்மாய்க்கரை. அதில் ஒரு கிழட்டு இலுப்பை. அதன் அடிமரத்தில், தோள் உயரத்தில், ஒரு மரக்காளான். உள்ளங்கை அகலம், கட்டை போலக் கெட்டி, காம்பு கிடையாது. மனிதக் காதைப் போலவே மடல் விரித்து வளைந்திருந்தது. மேலே மஞ்சள், விளிம்பில் சிவப்பு.

ஐம்பதுகளின் இறுதியில் புதுக்கோட்டையில் ஒரு கல்லூரியில் தாவரவியல் டெமான்ஸ்ட்ரேட்டராக இருந்தேன். மரங்களில் முளைக்கும் காளான்களைச் சேகரித்து வகைப்படுத்துவது அப்போது என் பைத்தியம். இந்த நிறத்தில் ஒன்று எந்தப் புத்தகத்திலும் இல்லை. உளியால் இரண்டு தட்டு; செய்தித்தாளில் சுற்றிப் பைக்குள் போட்டேன். மரத்தடியில் சூடம் எரிந்த கரி இருந்தது. பார்க்காதவன் போல பஸ் ஏறினேன்.

ஆய்வகத்தில் விவரக் குறிப்பு எழுதினேன்: மேற்பரப்பு மஞ்சள், தொட்டால் தூளாக ஒட்டும், விளிம்பு குங்கும நிறம், மணம் சாம்பிராணியை ஒத்தது. பிறகு காரக் கரைசல் ஒரு சொட்டு விட்டேன். இந்த வகைக் காளானின் சதை அதில் கறுக்க வேண்டும். இதுவோ இரத்தச் சிவப்பாக மாறியது. புதிய இனம்!

எட்டிப் பார்த்த அட்டெண்டர் சொன்னார்: "ஆலாத்தித் தண்ணி மாதிரில்ல இருக்கு, சார்."

"ஒமக்கென்னய்யா தெரியும்? போய்க் குடுவையைக் கழுவும்."

மஞ்சளில் சுண்ணாம்பு விழுந்தால் சிவக்கும் என்பது தெரியாமலா இருந்தேன்? என் கல்யாணத்தில் எனக்கே மூன்று முறை அந்தத் தண்ணீரைச் சுற்றினார்கள். ஆனாலும் 'தனித்தன்மையுள்ள வேதிவினை' என்று எழுதி அடிக்கோடிட்டேன்.

அடுத்த வாரம் ஒரு பெண் ஆய்வக வாசலில் வந்து நின்றாள். முப்பது வயதிருக்கும். செருப்பில்லாத கால் முழுக்கச் செம்மண்.

"எங்காத்தா காது இங்கிட்டுத்தான் இருக்காமுல்ல? பஸ் கண்டக்டரு சொன்னாரு."

அந்த இலுப்பையில் அம்மன் குடியிருக்கிறாளாம். காளான் அவளுடைய காது. மஞ்சள் குங்குமம் பூசி, அதில் வாய் வைத்துத்தான் ஊரார் குறை சொல்வார்களாம். இவளுடைய புருஷன் மலேயாவில் ரப்பர் தோட்டத்தில் இருந்தான். கடிதம் நின்று இரண்டு வருஷம்.

"ஆவணி பொறக்குறதுக்குள்ள கடுதாசி வரலைன்னா கருமாதி பண்ணிப்புடணுமுன்னு கொழுந்தனாரு ஒத்தக்கால்ல நிக்கிறாரு. ஆத்தாகிட்டச் சொல்லிக்கிட்டு இருந்தேன். பாதியில அறுத்துட்டீங்களே, சார்."

"அது ஆராய்ச்சிக்குச் சீமைக்குப் போகணும்மா."

"போகட்டும். அதுக்கு முன்ன ஒரு வார்த்தை சொல்லிக்கிறேங்க."

அட்டெண்டர் ஸ்டூல் போட்டார். அவள் காது இருந்த கண்ணாடி ஜாடியைத் திறந்தவுடன் தும்மினாள். "பாச்சை உருண்டை போட்டிருக்கீங்க. ஆத்தாளுக்கு மூச்சு முட்டாதா?" உருண்டையை எடுத்து என் கையில் கொடுத்துவிட்டு, ஜாடிக்குள் குனிந்து வெகுநேரம் பேசினாள். அந்தப் பக்கமாக வந்த பேராசிரியர், "யாருய்யா இது, ஆராய்ச்சி மாணவியா?" என்றார். "ஆமாம், சார்" என்றேன்.

காதை அனுப்பிவிட்டேன். முடிவைக் கேட்டுச் சீமைக்கு நான்கு கடிதங்கள் போட்டேன். ஆடியில் பதில் வந்தது. எங்கும் காணப்படும் சாதாரண இனம்; மேலிருந்த தூளைக் கழுவிவிட்டோம்; மாதிரியை நாங்களே வைத்துக்கொள்கிறோம்.

நார்த்தாமலைப் பக்கம் அதே இனத்தில் இன்னொன்றைத் தேடி அறுத்து மஞ்சள் பூசினேன். தச்சரிடம் வஜ்ரப் பசை வாங்கிக்கொண்டு கண்மாய்க்கரைக்குப் போனேன். அவளுக்கு ஆள் அனுப்பியிருந்தேன். வந்து, தலையைச் சாய்த்துப் பார்த்தாள்.

"இது எடது காதுல்ல. ஆத்தாளுக்கு இருந்தது வலது."

"ரெண்டும் ஒரே இனந்தாம்மா" என்றேன், புதிய இனம் என்று சாதித்துக் கடிதம் எழுதியவன்.

பசை இறுகும்வரை கையை எடுக்கக் கூடாது. காதை மரத்தோடு சேர்த்து அழுத்திக்கொண்டு நின்றேன். அவளால் காத்திருக்க முடியவில்லை. புதுக் காதுக்கு எதுவும் தெரியாதல்லவா? முதலிலிருந்து தொடங்கினாள்: கப்பல் ஏறிய நாள், முதல் கடிதம், கொழுந்தன் பேசிய பேச்சு. என் விரல்களுக்கு நடுவில்தான் பேசினாள். மூச்சு சுட்டது.

"ஒன்னைய ஒரு வாத்தியாரு அறுத்துக்கிட்டுப் போனாரு, ஆத்தா. அவரு கைதான் இப்ப ஒம்மேல இருக்கு. காளானுக்கெல்லாம் சீமைக்குக் கடுதாசி போடுறாராம். எம்புருசன் தோட்டத்துக்கு ஒண்ணு எழுதிப் போடச் சொல்லு. வெலாசம் எங்கிட்ட இருக்கு."

அவள் காதிடம்தான் கேட்டாள், என்னிடம் கேட்கவில்லை என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பசை இறுகியது. கையைத் துடைத்துக்கொண்டு நாலரை மணி பஸ்ஸுக்கு நடந்தேன். ஆவணி பிறக்க இன்னும் பன்னிரண்டு நாள் இருந்தது.