திரும்ப ஏறினோர் நிரல்

துறையிலை பேர் எழுதிறது லேசான வேலை எண்டு நினைக்கிறவை ஒருக்கா வந்து காலமை ஏழு மணிக்கு ஆள் ஏத்திக்கொண்டு கடலிலை போற லோஞ்சிக்குப் பேர் எழுதிப் பாக்கோணும். நூறு பேர் நிப்பினம், நூறு பேருக்கும் அந்தரம். காத்துக்குத் தாள் பறக்கும். பேனை எழுதாது. ஒருத்தர் முதலெழுத்தைச் சொல்லாமலே ஏறிப் போயிடுவார், அடுத்தவர் அந்த முதலெழுத்து எப்பிடி வந்தது எண்ட கதையைப் பேரன் காலத்திலை இருந்து தொடங்குவார். நீங்களும் எங்கையாவது ஒரு வரிசையிலை நிண்டு, மேசைக்குப் பின்னாலை இருக்கிறவனைப் பல்லைக் கடிச்சுக்கொண்டு பாத்திருப்பியள். அந்தப் பாவி நான்தான். நானும் உங்களை மாதிரி வதைபடுறவன், எனக்கு ஒரு கதிரை இருக்கு, அவ்வளவுதான் வித்தியாசம்.

நான் குருநகர் ஆள், பேர் மரியதாஸ். தீவுகளுக்குப் போற இறங்குதுறை ஒண்டிலை ஒன்பது வருசமாப் பேர் எழுதுறன். இந்த ஒன்பது வருசத்திலை நான் ஒரு நாளும் லோஞ்சியிலை ஏறினதில்லை. கடற்கரைச் சனம், கடற்கரையிலை வேலை, ஆனா கடலிலை கால் வைக்கிறேல்லை. இப்ப ஒரு சிக்கல் வந்திட்டுது. என்ரை தம்பியின்ரை மகளுக்கு அக்கரையிலை கலியாணம், நான் போயே ஆகோணும். அதைச் சொல்லத்தான் வந்தனான், ஆனா துறையிலை இருக்கிறவனுக்கு நேராக் கதை சொல்ல வராது.

ஒரு ஆளுக்கு ஒரு வரி

என்னட்டைச் சட்டம் ஒண்டுதான் இருக்கு. ஒரு ஆளுக்கு ஒரு வரி. தாளிலை எத்தினை பேரோ, லோஞ்சியிலை அத்தினை தலை இருக்கோணும். ஒத்து வராட்டி கயிறு அவிழாது. ஒரு தாள் லோஞ்சியோடை போகும், பிரதி கரையிலை என்னட்டை நிக்கும். ஏறினவர் இறங்கினால் பேரை வெட்டுவன், திரும்ப ஏறினால் திரும்ப எழுதுவன். சனம் என்னை விசரன் எண்டு சொல்லுறது எனக்குத் தெரியும்.

ஒரு நாள் கறுப்புக் கண்ணாடி போட்ட மனுசன் ஒராள் குடும்பத்தோடை வந்தார். "சிவநேசன், குடும்பம் நாலு பேர் எண்டு போடும்" எண்டார். குடும்பத்துக்குப் பேர் இல்லையோ எண்டு கேட்டன். "என்ன காணும், சோலி பண்ணுறீர்? மனுசியும் ரெண்டு பிள்ளையளும்" எண்டு பாய்ஞ்சார். எனக்கும் ஏறிட்டுது. "அடையாள அட்டையிலை மனுசி எண்டு இருந்தால் காட்டுங்கோ, அப்பிடியே எழுதுறன்" எண்டன். பின்னாலை நிண்ட சனம் சிரிச்சுது. அவரின்ரை மனுசி அவரை ஒரு பக்கம் தள்ளிப்போட்டு முன்னுக்கு வந்து மேசையிலை கையை ஊண்டினா. "கலியாணம் முடிச்சுப் பதினெட்டு வருசத்துக்குப் பிறகு இண்டைக்குத்தான் ஒராள் என்ரை பேரைக் கேக்குது. புவனேஸ்வரி. வடிவா எழுதுங்கோ ஐயா."

இங்கிலீசுத் தாள்

போன வருசம் மேலிடத்திலை இருந்து புதுத் தாள் வந்தது. முழுக்க இங்கிலீசு. பேர், அட்டை இலக்கம் எல்லாம் ஒருமாதிரி மட்டுக்கட்டிப்போட்டம். கடைசி நிரலுக்கு மேலை மட்டும் 'ரீ-எம்பாக்ட்' எண்டு கிடந்தது. என்னோடை வேலை செய்யிற கலா, "அது வெளிநாட்டுப் பாஸ்போட் வைச்சிருக்கிறவைக்கு அண்ணை" எண்டா. அவ சொன்ன தோரணையிலை நானும் நம்பிட்டன். கனடாவிலை இருந்தும் லண்டனிலை இருந்தும் வந்த சனம் முழுக்க ஒரு கிழமையா அந்த நிரலிலைதான் போய்ச் சேந்துது.

உடுவிலிலை இருந்து வந்து தீவுப் பள்ளிக்கூடத்திலை இங்கிலீசு படிப்பிக்கிற ரீச்சர் ஒராள் திங்கள் போய் வெள்ளி திரும்பிறவ. அவ தாளை எட்டிப் பாத்திட்டு வாயைப் பொத்திக்கொண்டு சிரிச்சா. "எம்பாக் எண்டால் ஏறிறது. ரீ-எம்பாக் எண்டால் ஏறி இறங்கின ஆள் திரும்ப ஏறிறது. கப்பலுக்கும் சொல்லலாம், பிளேனுக்கும் சொல்லலாம். விட்ட அலுவல் ஒண்டைத் திரும்பத் தொடங்கிறதுக்கும் சில பேர் எழுதுவினம்" எண்டா. முதல்முதலா ஏறிற ஆளுக்குப் போடலாமோ எண்டன். ஏலாது, முதல் ஒருக்கா ஏறியிருக்கோணும் எண்டா.

பிறகு ஒரு கேள்வி கேட்டன். வேலைக்காகக் கேக்கேல்லை, வாய் தானாக் கேட்டுட்டுது. "இறங்கின ஆள் எவ்வளவு நேரத்துக்குள்ளை ஏறினால் இந்த நிரலிலை போடலாம் ரீச்சர்?" அவ பகிடிக்குக் கேக்கிறன் எண்டு நினைச்சு என்ரை முகத்தைப் பாத்தா. பிறகு சிரிக்கேல்லை. "அகராதியிலை அதுக்கு நேரம் ஒண்டும் போடேல்லை, மரியதாஸ் அண்ணை."

பலாப்பழம் கொண்டு போனவர்

இடம் பிடிக்க எங்கடை சனத்துக்கு ஒரு லேஞ்சி, முகம் துடைக்கிற துண்டு, காணும். கைலேஞ்சியை இருக்கையிலை போட்டுட்டால் அந்த இடம் உறுதி எழுதி முடிச்ச காணி. பஸ்ஸிலையும் அப்பிடித்தான், லோஞ்சியிலையும் அப்பிடித்தான். சண்டைக்காரன் கூட லேஞ்சிக்கு மேலை இருக்க மாட்டான்.

தென்மராட்சியிலை இருந்து ஒரு கமக்காரர், தீவிலை இருக்கிற மகளுக்குப் பலாப்பழம் கொண்டு போக வந்தார். ஏறினார், யன்னல் பக்கம் லேஞ்சியைப் போட்டார், வெத்திலை வாங்க இறங்கினார். பேரை வெட்டினன். ஏறினார், கடைசி நிரலிலை எழுதினன். குடை பஸ்ஸுக்குள்ளை நிண்டிட்டுது எண்டு இறங்கினார். வெட்டினன். ஏறினார், எழுதினன். ரெலிபோன் வெத்திலைக் கடையிலை எண்டு மூண்டாம் தரமும் இறங்கினார். லோஞ்சி ஓட்டி மேலை நிண்டு கத்துறான். தாளுக்குக் கீழை பிந்தின நேரம் எழுத ஒரு இடம் இருக்கு, அதுக்கு நான்தான் பதில் சொல்லோணும். திரும்பி வர நாலாந்தரமும் எழுதிப்போட்டு, இனி இறங்கினால் பலாப்பழம் மட்டும்தான் போகும் எண்டு பேசினன். மனுசன் என்ரை தாளைக் குனிஞ்சு பாத்தார். "நான் பிறந்ததையே ஒருக்காத்தான் பதிஞ்சவை, நீர் காலமைக்குள்ளை என்னை நாலு தரம் பதிஞ்சுபோட்டீர்."

பால்மாப் பேணி

சரி, என்ரை கதைக்கு வாறன். என்ரை தம்பி யூட் தீவிலை கலியாணம் முடிச்சவன். அவனுக்குப் பொம்பிளைப் பிள்ளை பிறந்து நாப்பது நாள். நானும் அவனும் டவுணிலை சாமான் வாங்கிக்கொண்டு லோஞ்சி ஏற வந்தம். அப்ப பேர் எழுதினவர் 'மரியதாஸ், கூட ஒராள்' எண்டு ஒரே வரியிலை எழுதினார். அந்தக் காலத்திலை அப்பிடித்தான், ஒருத்தரும் குறை நினைக்கேல்லை. ஏறி இருந்த பிறகுதான் பிள்ளைக்கு வாங்கின பால்மாத் தகரப் பேணி துறைக் கடையிலை நிண்டிட்டுது எண்டு தெரிஞ்சுது. "ஓடிப்போய் எடுத்துக்கொண்டு வாங்கோ அண்ணை" எண்டு சொல்லி, என்ரை இடத்திலை தன்ரை லேஞ்சியைப் போட்டான் தம்பி. நான் பேணியோடை ஓடி வர லோஞ்சி வெளிக்கிட்டிட்டுது. அவன் கை காட்டினான். நான் பேணியைத் தூக்கிக் காட்டினன். அண்டைக்குச் சரியான சோளகக் காத்து, கடல் பொங்கிக்கொண்டு நிண்டது. லோஞ்சி நடுக்கடலிலை பிரண்டிட்டுது. கன பேர் நீந்திக் கரை சேந்தினம். தம்பி சேரேல்லை.

அக்கரை மாதா கோயிலிலை அந்தப் பேர்த் தாளின்ரை பிரதியை வைச்சு, காணாமல் போனவைக்குச் செபம் சொன்னவை. வாசிச்சது என்ரை பேரை. உயிரோடை இருந்த எனக்குச் செபம், செத்துப்போன என்ரை தம்பி 'கூட ஒராள்'. அவன்ரை பேர் ஒரு தாளிலும் இல்லை. ஒரு ஆளுக்கு ஒரு வரி எண்டு நான் ஏன் சண்டை பிடிக்கிறன் எண்டு இப்ப விளங்குதே? பேணியை மற்ற நாள் வேறை ஆளிட்டைக் குடுத்துவிட்டன். நான் போகேல்லை. அவன்ரை மனுசியின்ரை முகத்திலை முழிக்க எனக்குத் துணிவு இல்லை. பயம் ஒரு பக்கம், வெக்கம் ஒரு பக்கம். அப்பிடியே இருபத்தாறு வருசம் ஓடிட்டுது.

அந்த நாப்பது நாள் பிள்ளைதான் நிறோசா, இப்ப கலியாணப் பொம்பிளை. டவுணிலை வேலை செய்யிறவள், கிழமைக்குக் கிழமை என்ரை மேசையாலை போய் வாறவள். கோயிலிலை தகப்பன்தான் பொம்பிளையைக் கையிலை பிடிச்சுக் கொண்டுபோறது. அவளுக்கு அந்தக் கை நான்தான் எண்டு பிடிவாதம். எனக்குப் பிறசர் எண்டன், லீவு இல்லை எண்டன், மாமன்மார் இருக்கினம்தானே எண்டன். எல்லாத்தையும் பொறுமையாக் கேட்டாள். "என்ரை பால்மாவுக்காகத்தானே இறங்கினனீங்கள், அப்ப உங்களைத் திருப்பி ஏத்த வேண்டிய ஆள் நான்தானே பெரியப்பா."

முதல் நியமனம்

அவளுக்கு ஓம் எண்டு சொல்லிப்போட்டு நித்திரை இல்லாமல் திரிஞ்ச கிழமை, புதுசா நியமனம் கிடைச்ச தாதி ஒரு பிள்ளை வந்தா. மலையகத்துப் பிள்ளை, கடலையே அண்டைக்குத்தான் பாக்கிறா. தீவு ஆஸ்பத்திரிக்குப் போகோணும். ஏழு மணி லோஞ்சியிலை ஏறினா, அது ஒருக்கா ஆட, பாய்ஞ்சு இறங்கிட்டா. பேரை வெட்டினன். என்ரை மேசைக்குப் பக்கத்திலை பையைக் கட்டிப்பிடிச்சுக்கொண்டு இருந்து அழுதா.

தேத்தண்ணி வாங்கிக் குடுத்து, "அவசரப்படாதை பிள்ளை, பயம் போன பிறகு ஏறலாம்" எண்டு சொன்னன். எனக்கு நானே இருபத்தாறு வருசமாச் சொல்லி வாற புத்திமதி, அவவுக்கும் ஓசியிலை குடுத்தன். பதினொரு மணி லோஞ்சிக்கு எஞ்சின் பிடிச்ச சத்தம் கேட்டுது. பிள்ளை கண்ணைத் துடைச்சுக்கொண்டு எழும்பி, பேரை எழுதுங்கோ எண்டா. பயம் போட்டுதோ எண்டு கேட்டன். "பயம் இன்னும் போகலைங்க ஐயா, லோஞ்சி போகப் போகுதுல்ல."

லேஞ்சி

கலியாணம் சனிக்கிழமை. வியாழக்கிழமை நிறோசா டவுணிலை தைக்கக் குடுத்த முக்காட்டை எடுத்துக்கொண்டு, என்னையும் கூட்டிக்கொண்டு போக வந்தாள். நான் லீவு, புதுச் சேட்டு. மேசையிலை கலா. "பேர் என்ன? முதலெழுத்து? கெதியாச் சொல்லுங்கோ, பின்னாலை சனம் நிக்குது" எண்டு ஒன்பது வருசத்துப் பழியையும் ஒரேயடியாத் தீர்த்தா. ஏறினன். உள்ளுக்கு நிறோசா முன்னாலை போய், யன்னல் பக்கம் ஒரு வெள்ளை லேஞ்சியைப் போட்டிட்டு, "உங்கடை இடம் பெரியப்பா" எண்டு சிரிச்சாள்.

அந்தப் பிள்ளைக்கு அது தெரியாது. அவளுக்கு நான் பால்மாக் கதை சொன்னனான், லேஞ்சிக் கதை சொல்லேல்லை. தண்ணிப் போத்தில் ஒண்டு வாங்கிக்கொண்டு வாறன் எண்டு சொல்லிப்போட்டு இறங்கிட்டன். கடைக்குப் போகேல்லை, கலாவின்ரை மேசைக்குப் பக்கத்திலை நிலத்திலை இருந்திட்டன். "அண்ணை, பேரை வெட்டட்டோ?" எண்டு மெல்லக் கேட்டா. தலையை ஆட்டினன். வெட்டினா. லோஞ்சி ஓட்டி தலை ஒண்டு குறையுது எண்டு கத்தினான். நிமிர்ந்து பாக்கிறன், முக்காட்டுப் பெட்டியைக் கக்கத்திலை வைச்சுக்கொண்டு நிறோசா இறங்கி வாறாள்.

"நீ ஏன் பிள்ளை இறங்கினனி? லோஞ்சி வெளிக்கிடப் போகுது" எண்டன். "வெளிக்கிடட்டும். நீங்கள் கரையிலை நிக்க அப்பா தனியப் போனது காணும், நான் அப்பிடிப் போகமாட்டன்" எண்டாள். பிறகு கலாவைப் பாத்து, "என்ரை பேரையும் வெட்டுங்கோ அக்கா" எண்டாள். கலாவும் வெட்டிட்டா, சட்டம் சட்டம்தானே. லோஞ்சிக்குள்ளை இருந்து ஒரு குரல், கலியாணத்துக்கு ஐஸ்கிறீம் கொண்டு போறவர், "ஐயா, ஏறிறதெண்டால் ஏறும், எனக்கு இஞ்சை உருகுது!" எண்டு கத்தினார். எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. ரெண்டும் ஒண்டா வந்தால் மூச்சு விடேலாது, தெரியுமோ? பயம் போகேல்லை. ஆனா லோஞ்சி போகப் போகுது. சனிக்கிழமை கோயிலிலை பிடிக்க வேண்டிய கையை வியாழக்கிழமையே பிடிச்சுக்கொண்டு ஏறினன். யன்னல் பக்க லேஞ்சியை எடுத்து மடிச்சுச் சேட்டுப் பொக்கற்றுக்குள்ளை வைச்சிட்டு, அந்த இடத்திலை இருந்தன். கலா கரையிலை நிண்டு, சனம் எல்லாம் கேக்கத் தாளை வாசிச்சா. "மரியதாஸ், ஒரு வரி. நிறோசா, யூட்டின்ரை மகள், ஒரு வரி. ரெண்டும் கடைசி நிரல். தலை சரி, போட்டு வாங்கோ அண்ணை."

திங்கட்கிழமை வேலைக்கு வந்து பிரதியைப் பாத்தன்: பிந்தின நேரம் எண்ட இடத்திலை கலா பத்து நிமிசம் எண்டு போட்டிருக்கிறா, இருபத்தாறு வருசம் எண்டு நான் அதைத் திருத்தப் போகேல்லை.