மருதை சார் நாட்டில் வெளியுலகம் கண்டுபிடிக்கப்பட்ட வருஷம்

நோயாளிக்கு என்ன பழக்கம் என்று முதலிலேயே கேட்டுக்கொள்வது என் வழக்கம். மருதை சாருக்கு இடுப்பெலும்பு ஆபரேஷன் முடிந்து, அவரைப் பார்த்துக்கொள்ள ஸ்ரீரங்கம் மேலூர் ரோட்டு வீட்டுக்குப் போனபோதும் கேட்டேன். அவர் மகள் யாழினி தயங்கித் தயங்கிச் சொன்னாள்:

"அப்பாவுக்கு மொட்டை மாடியில ஒரு நாடு இருக்கு, அற்புதம்மா."

ஏறிப் பார்த்தேன். இருந்தது.

தண்ணீர்த் தொட்டியைச் சுற்றி மணல், ஓட்டுச் சில்லுகள், மாத்திரை அட்டைகளால் ஆன வீடுகள். குடிமக்கள் எல்லோரும் நட்டும் வாஷரும். நட்டுகள் விவசாயம் பார்க்கும். வாஷர்களுக்கு அரசாங்க உத்தியோகம். தொட்டிதான் அவர்களுக்கு மலை, தெய்வம், வானிலை இலாகா.

மருதை சார் கைலாசபுரம் தொழிற்சாலையில் வெல்டிங் இன்ஸ்பெக்டராக இருந்து ஓய்வுபெற்றவர். அந்தத் தொழில் வழக்கம்தான் நாட்டுக்கும் சட்டம். அவர் நேரில் பார்த்து, தட்டி, சாக்பீஸால் டிக் போட்டால்தான் எதுவும் நடந்ததாகும். வருஷத்துக்கு ஒரு கண்டுபிடிப்புக்குத்தான் அனுமதி. போன வருஷம் உப்பு. அதற்கு முன்னால் கதவு. அதுவரை எல்லோரும் கூரையைப் பிரித்து வீட்டுக்குள் இறங்கிக்கொண்டிருந்தார்களாம். இந்த வருஷம் வெளியுலகம். அதைப் பாஸ் பண்ணப் போகும்போதுதான் படியில் விழுந்திருக்கிறார்.

தையல் ஆறிவிட்டது. வாக்கர் பிடித்து நடக்க டாக்டர் சொல்லிவிட்டார். இவர் கட்டிலை விட்டு அசையவில்லை.

"எழுந்திருங்க சார்."

"நாளைக்கு."

"நேத்தும் இதையேதான் சொன்னீங்க. முதுகுல புண்ணு வந்தா அது நாளைக்குன்னு காத்திருக்காது."

"மாடி ஏற முடியாத கால் நடந்து என்னம்மா ஆகப்போகுது?"

யாழினி போனில் கறாராகச் சொல்லிவிட்டாள். பொங்கலுக்கு வரும்போது அப்பா தானாக நடக்கவில்லை என்றால் வீட்டைப் பூட்டிவிட்டுச் சென்னைக்குக் கூட்டிப் போய்விடுவாள். அவள் குடியிருக்கும் அடுக்குமாடியில் மொட்டை மாடிக்குப் பூட்டு. சாவி சங்கச் செயலாளரிடம். இதைக் கேட்டதிலிருந்து இவர் சரியாகச் சாப்பிடவில்லை. ஆனால் நடக்கவும் இல்லை.

மார்கழியில் ஒரு மழை பெய்தது. கூடத்துக் கூரை கசிந்தது. ஏறிப் பார்த்தால் மாடி முழுக்கத் தண்ணீர். கைப்பிடிச் சுவரின் அடியில் இருந்த ஓட்டையை யாரோ துணி சுற்றிய செங்கல்லால் அடைத்திருந்தார்கள். பிடுங்கிப் போட்டேன். தண்ணீர் சரசரவென்று வடிந்தது. கீழே வந்து கஞ்சி கொடுக்கும்போது சொன்னேன்.

ஸ்பூனைத் தள்ளிவிட்டார். "எந்த ஓட்டை?"

"கோபுரத்துப் பக்கம்."

"அதாம்மா வெளியுலகம்!"

"இருக்கட்டும். வாயைத் திறங்க."

"இன்ஸ்பெக்‌ஷன் இல்லாம எப்படித் தெறப்பீங்க? யாரு பாஸ் பண்ணது?"

"நான்தான்."

"நீங்க யாரும்மா பாஸ் பண்ண?" என்றவர் இரண்டு காலையும் தரையில் ஊன்றிவிட்டார். நான் வாக்கரை அருகே நகர்த்தினேன், அவ்வளவுதான். என்னைத் திட்டிக்கொண்டே கூடத்தை ஒரு சுற்று வந்தார். மாடிப்படியைப் பார்த்தார். "முதல்ல கூடம், அப்புறம் படி" என்று குறுக்கே நின்றேன்.

அந்த நேரத்தில் பின்வீட்டு ராசாத்தி கையில் சொம்போடு வந்தாள்.

"ஐயா, உங்க நாட்டு ஆளுங்க எங்க துவைக்கிற கல்லுல வந்து விழுந்து கிடக்காங்க."

"எத்தனை பேரு?"

"எண்ணலைங்க. ஒரு சொம்பு இருக்காங்க. ஒருத்தரைக் கோழி முழுங்கிருச்சு."

"நட்டா, வாஷரா?"

"தட்டையா இருந்தாருங்க."

"வாஷர். நிதித்துறையா இருக்கும்" என்றார். அன்று முழுக்க அவர் முகம் சரியில்லை. ஆனால் மறுநாள் விடிந்ததும் வாக்கரைக் கேட்டு வாங்கினார்.

பிறகு பிசியோதெரபி பையன் வந்து மாடிப்படி ஏறவும் அனுமதி கொடுத்தான். ஏறும்போது நல்ல கால் முதலில்; இறங்கும்போது ஆபரேஷன் கால் முதலில். நான் ஒரு படி கீழே நின்றுகொள்வேன்.

பொங்கலன்று யாழினி வந்தபோது கட்டில் காலி. மேலே வந்தாள். அப்பா சாக்பீஸோடு நின்றிருந்தார். வெளியுலகம் உண்மையிலேயே தெரிகிறதா என்று யாராவது ஓட்டையில் கண்ணை வைத்துப் பார்த்துச் சொல்ல வேண்டும். அவர் குனியக் கூடாது. நான் குப்புறப் படுப்பதாக இல்லை.

"நீ படும்மா" என்றார் மகளிடம்.

"புதுப் புடவைப்பா!"

"நாடே காத்திட்டிருக்கு."

யாழினி என்னைப் பார்த்தாள். நான் தலையணை உறையை விரித்துக் கொடுத்தேன். படுத்தாள்.

"என்ன தெரியுது?"

"கோபுரம்ப்பா. பாதி."

"அசையுதா?"

"கோபுரம் எப்படிப்பா அசையும்?"

"கேட்டதுக்குப் பதில் சொல்லு."

"அசையலை."

"அப்பப் பாஸ்."

சுவரில் டிக் விழுந்தது. யாழினி எழுந்து, கன்னத்து மணலைத் தட்டிவிட்டு, அப்பா நிற்கிற நிற்பைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். "ரிட்டர்ன் டிக்கெட்ல ஒண்ணைக் கேன்சல் பண்ணணும்" என்றாள், அவரிடம் அல்ல, என்னிடம். "ஆனா படிக்குக் கைப்பிடி வைக்காம இனிமே ஏறக் கூடாது."

அரியமங்கலத்திலிருந்து ஆசீர் என்கிற வெல்டர் வந்து கைப்பிடி பொருத்தினார். மருதை சார் ஒவ்வொரு வெல்டாகத் தட்டிப் பார்த்து, தேறாது என்றார். ஆசீர் தேய்த்துவிட்டு மறுபடி பற்றவைத்தார். மறுபடியும் தேறாது.

"சார், இது படிக்கட்டுக் கைப்பிடிங்க. கப்பல் இல்ல."

"கப்பல்னா இதைவிடக் கடுமையா பார்ப்பேன்."

கைப்பிடி இன்றுவரை பாஸாகவில்லை. அதைப் பிடித்துக்கொண்டுதான் தினமும் ஏறுகிறார்.