பார்க்காத கடை

கரோல் பாக்கில் நான் வேலைக்குப் போகும் வழியில், இரண்டு துணிக்கடைகளுக்கு நடுவே ஒரு வெற்றுச் சுவர் உண்டு. இஸ்திரி கலையாத சட்டை போட்ட ஒருவர் தினமும் அதைப் போனில் படமெடுப்பார். இந்த வடநாட்டு ஊரில் தமிழ் முகமாகத் தெரிந்ததால் ஒருநாள் கேட்டேன்.

"என்ன சார் எடுக்கறீங்க?"

"கடையை. நான் பாங்க்ல லோன் ஆபீசர். நேர்ல பார்த்துட்டுத்தான் கடன் குடுக்கணும். இந்த அட்ரஸ்ல இருக்கற கடையைப் பார்க்காமலே பார்த்தேன்னு கையெழுத்துப் போட்டேன். சஸ்பெண்ட் பண்ணிட்டாங்க."

"இது சுவர்தானே?"

"அச்சா, உங்களுக்கு அப்படியா தெரியுது? நேத்து ஷட்டர் பாதி திறந்திருந்தது. நாளைக்கு உள்ள போய்ப் பார்த்துடறேன்."

அதற்குப் பிறகு அவரைக் காணவில்லை. வேறு வேலை கிடைத்திருக்கும் என்று நினைத்துக்கொண்டேன். இன்று காலை அந்தச் சுவரைக் கடந்தபோது, உள்ளேயிருந்து யாரோ ஷட்டரைத் தட்டும் சத்தம் கேட்டது. நானும் நின்று பார்க்காமலே போய்விட்டேன்.