கொழும்புத்துறை வீட்டில் ஒரு சோடா

கதைகளில் 'மற்றவர்' என்று ஒதுக்கி வைக்கப்படுகிறவர்களைப் பற்றி ஆராய்ச்சி செய்து பிழைப்பவள் நான். மதுரையில் ஒரு கல்லூரியில் தமிழ் கற்பிக்கிறேன். ஜூன் தொடக்கத்தில் யாழ்ப்பாணம் போனது புத்தக வேலைக்காக என்று எல்லோரிடமும் சொல்லியிருந்தேன். உண்மையான காரணம் றெஜினா. யாழ்ப்பாண நகரை ஒட்டிய கொழும்புத்துறைக்காரர், மீனவக் குடும்பம், பள்ளி ஆசிரியை, சிறுகதை எழுதுபவர். அவருடைய கதைகளைப் பற்றி ஓர் இயல் எழுதப்போய், சந்தேகம் கேட்கத் தொலைபேசியில் அழைத்து, அதுவே ஞாயிறுதோறும் பேச்சாகி நான்கு வருடம் ஓடிவிட்டது. "சாப்பிட்டீங்களோ அக்கா?" என்று என்னைக் கேட்க இந்த உலகத்தில் இருப்பது அந்த ஒரு குரல்தான். அந்த முகத்தை நேரில் பார்க்க வேண்டும், அவ்வளவுதான் திட்டம்.

சென்னையிலிருந்து யாழ்ப்பாணத்தின் பலாலி விமான நிலையத்துக்கு ஒன்றரை மணி நேரம். அங்கிருந்து நான் தங்கவிருந்த சுன்னாகத்துக்கு ஆட்டோ 1,500 இலங்கை ரூபாய். பேரம் பேச எனக்கு வராது, உங்களுக்கு வந்தால் குறையும். ஓட்டுநர் கண்ணாடியில் என்னையே பார்த்துக்கொண்டு வந்தார்.

"தனியவோ வந்தனீங்கள்?"

"ஆமாம்."

"வீட்டிலை ஒருத்தரும் இல்லையோ?"

இருக்கிறார்கள் என்று ஒரு பொய்யைச் சொல்லி வைத்தேன். அடுத்த மூன்று நாளும் இதே கேள்விதான். இளநீர் வெட்டுகிறவர் முதல் பக்கத்து இருக்கைப் பயணி வரை ஒருவர் பாக்கியில்லை.

றெஜினாவுக்குப் பாரமாக இருக்கக் கூடாது என்று சுன்னாகத்தில் ஒரு விவசாயக் குடும்பத்தின் வீட்டில் அறை பிடித்திருந்தேன். என்ன புத்திசாலித்தனம் பாருங்கள்! காலைச் சாப்பாட்டோடு ஓர் இரவுக்கு 5,000. அறை சுத்தம், இடியப்பமும் சொதியும் அருமை. குறை சொல்ல ஒன்றுமில்லை.

நான் போய் இறங்கிய வியாழனும் மறுநாளும் பள்ளி நாள் என்பதால் சனிக்கிழமை வரச் சொல்லியிருந்தார் றெஜினா. வெள்ளிக்கிழமையை ஓட்ட மயிலிட்டித் துறைமுகத்துக்குப் போனேன். காலையில் போனால் மீன் இறக்குவதைப் பார்க்கலாம். படம் எடுக்கும் முன் கேட்டுக்கொள்ளுங்கள். படகிலிருந்து இறங்கிய ஒருவர், "ஆரைத் தேடுறியள்?" என்றார். யாரையும் இல்லை, சும்மா பார்க்க வந்தேன் என்றேன். "சும்மாவோ?" என்று சிரித்துவிட்டுப் போய்விட்டார். வெயில் மண்டையைப் பிளந்தது. கடலைப் பார்த்துக்கொண்டு நிற்கையில், இதைச் சொல்லக்கூட ஆளில்லையே என்று இருந்தது.

சனிக்கிழமை காலை, எங்கே போகிறீர்கள் என்று வீட்டுக்கார அம்மா கேட்டார். சொன்னேன்.

"கொழும்புத்துறையோ? அங்கை ஆர் இருக்கினம்?"

"என் தோழி."

"ம்... மத்தியானம் இஞ்சை வந்து சாப்பிடலாம்தானே," என்றார். அன்பாகத்தான் சொன்னார். நானும் அன்பு என்றே எடுத்துக்கொண்டேன்.

சுன்னாகத்திலிருந்து யாழ்ப்பாணம் பத்து கிலோமீட்டர், பேருந்துக்கு அரை மணி நேரம். நகரத்திலிருந்து கொழும்புத்துறைக்கு ஆட்டோ 500. றெஜினா வாசலிலேயே நின்றார். கையைப் பிடித்துக்கொண்டார், கண் கலங்கியது, எனக்கும்தான். உள்ளே உட்கார்ந்ததும், "எங்கை தங்கி நிக்கிறியள்?" என்றார். சுன்னாகத்தில் என்றேன். "ஓ," என்றார். உள்ளே போய்க் கணவரிடம் ஏதோ சொன்னார். கணவர் சைக்கிளை எடுத்துக்கொண்டு கடைக்கு ஓடினார்.

வந்தது ஒரு சோடா. தட்டில் வைத்து, என் கண் முன்னாலேயே மூடியைத் திறந்து, போத்தலோடு நீட்டினார் றெஜினா. குளிர்ந்தது குடித்தால் எனக்கு இரண்டு நாளைக்குக் குரல் போய்விடும். "ஐயோ, எனக்கு வேண்டாம்ப்பா," என்றேன்.

அவர் முகம் செத்துப்போனது. கணவர் எழுந்து முற்றத்துக்குப் போய்விட்டார்.

"சோடாவும் வேண்டாமோ அக்கா?"

அந்த 'சோடாவும்' என்னை உலுக்கியது. இந்த மண்ணில் சாதி பார்த்து, சில வீடுகளில் சிலர் கை நனைக்கமாட்டார்கள். அந்த வீட்டுக் கோப்பையில் தேநீரும் குடிக்கமாட்டார்கள். அவர்கள் முகத்துக்கு நேரே மறுக்காமல் இருக்க வீட்டுக்காரர் செய்யும் ஒரு வழி, கடையிலிருந்து மூடியோடு வரும் சோடா. நான் சுன்னாகத்தில் அறை பிடித்ததையும் றெஜினா அந்தக் கணக்கில்தான் சேர்த்திருக்கிறார். றெஜினாவின் கதை ஒன்றிலும் ஒரு பெண் விருந்தாளிக்குச் சோடா வாங்க ஓடுவாள். அதை 'அந்நியப் பொருள் மீதான மோகம்' என்று இரண்டரைப் பக்கம் விளக்கியிருக்கிறேன் நான். மகா பண்டிதை!

"றெஜினா, குளிர்ச்சி எனக்கு ஆகாது. உங்கள் வீட்டுத் தேநீர் வேண்டும்," என்றேன். தேநீர் வந்தது. குடித்தேன். ஒவ்வொரு மிடறையும் அவர் பார்த்துக்கொண்டே நின்றார். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை. வாய்க்குள் போவது தேநீரா பரீட்சையா என்று தெரியாத நிலை. கோப்பையைக் கீழே வைத்ததும் கேட்டுவிட்டேன்.

"நான் குடிப்பேன் என்று உங்களுக்குத் தெரியாதா?"

"தெரியும் அக்கா. எண்டாலும் கேக்கப் பயம். நான் கேட்டு, நீங்கள் வேண்டாமெண்டு சொல்லியிருந்தா, பிறகு ஞாயிற்றுக்கிழமையிலை நான் ஆரோடை கதைக்கிறது?"

எனக்கு மட்டும்தான் ஆளில்லை என்று நினைத்திருந்தேன். வாய்விட்டு அழுதேன். அதன்பிறகுதான் அவர் என் பக்கத்தில் உட்கார்ந்தார். சோற்றுக்கு நண்டுக் குழம்பு வைத்தார். இருவரும் ஒரே பாயில் உட்கார்ந்து சாப்பிட்டோம். மறுநாள் காலை எனக்கு விமானம். பெட்டி சுன்னாகத்தில். நாலு மணிக்குக் கிளம்ப வேண்டியிருந்தது.

போக நினைப்பவர்களுக்கு: கையில் இலங்கை ரூபாயாக வைத்துக்கொள்ளுங்கள், தொப்பி அவசியம், தங்குவதற்கு மூன்று இரவு போதும். தெரிந்தவர் யாராவது இருந்தால் அறை பிடிக்காதீர்கள். "உங்கள் வீட்டில் தங்கலாமா?" என்று வெட்கப்படாமல் கேளுங்கள். நான் கேட்கவில்லை. அவரும் கேட்கவில்லை. மூன்று நாள் யாழ்ப்பாணத்தில் இருந்தேன்; என் தோழியோடு இருந்தது ஒரு மத்தியானம்.